மூன்றாம் மாடிக்குப் போகும் வெட்டுத்துணி

அவன் சட்டைப் பொத்தானைக் கீழிருந்து மேலாகத்தான் போடுவான். கல்யாணமான முதல் வாரத்திலேயே அவள் அதைக் கவனித்துவிட்டாள். ஊரே மேலிருந்து கீழே இறங்கும்போது இவன் மட்டும் அடிப்பொத்தானில் தொடங்கி, ஒவ்வொன்றாக ஏறி, கழுத்துக்கு ஒன்று பாக்கி இருக்கும்போது நிறுத்திக்கொள்வான். இருபத்திரண்டு வருடத்தில் ஒரு நாளும் துளை மாறிப்போனதில்லை. அடியில் தொடங்குகிறவனுக்கு மாறாது; சட்டையின் இரண்டு நுனியும் கண்ணெதிரே சேர்ந்து நிற்கும். தையல் வேலை பார்ப்பவளுக்கு இதை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

அதனால்தான் அந்தப் புதன்கிழமை அவன் மாடியிலிருந்து இறங்கி வந்தபோது, மூன்றாவது பொத்தான் நான்காவது துளையில் இருப்பதைப் பார்த்ததும், அவள் காலடியில் ஓடிக்கொண்டிருந்த மெஷின் தானாக நின்றது. இது அவன் போட்ட பொத்தான் இல்லை. அப்படியானால் கழற்றியது எதற்கு, போட்டுவிட்டது யார்?

அவள் ஒன்றும் கேட்கவில்லை. கேட்டால் பதில் வரும். பதில் வந்தால் அதை நம்புவதா வேண்டாமா என்று இன்னொரு வேலை. காலரைத் தைத்து முடித்தாள்.

கட்டடத்தின் தரைத்தளத்தில் முன்னறை அவள் கடை, பின்னறை வீடு, நடுவில் ஒரு திரை. கடையில் ஒரு மெஷின், ஒரு வெட்டு மேசை, வருகிறவர்கள் பார்த்துக்கொள்ள ஆளுயரக் கண்ணாடி. அந்தக் கண்ணாடியில் அவள் தெரியாதபடி மெஷினைச் சுவர் ஓரமாகப் போட்டிருந்தாள். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவள். பேச்சு குறைவு. யார் உள்ளே வந்தாலும் முகத்தைப் பார்க்கமாட்டாள், தோளைப் பார்ப்பாள். தெருவில் எதிரே வருகிறவர் முகம் மறந்துபோகும், தோள் மறக்காது. கட்டடத்தில் எல்லோருக்கும் அவள் தையலக்கா. அவளுடைய அளவு நோட்டில் தைக்க வருகிறவர்களுக்கும் பெயர் கிடையாது. ‘கண்ணாடி டீச்சர்’, ‘மருந்துக்கடை’, ‘இரண்டாம் மாடி பெரியம்மா’, ‘பல் ஆஸ்பத்திரி’ என்று அடையாளம்தான். பக்கத்தில் அங்குலக் கணக்கு. யாருக்காவது உடம்பில் கோணல் இருந்தால் அதையும் எழுதி வைப்பாள். கோணல் இல்லாத உடம்பை அவள் இன்னும் அளந்ததில்லை.

அவள் கணவன் பஸ் டிப்போவில் மெக்கானிக். ஒரு தடவை ஜாக்கி நழுவியதில் இடது முழங்கை முறிந்து, கட்டுப் போட்டுப் பிரித்த பிறகு முழுதாக நீளவேயில்லை. அதனால் அவன் சட்டைக்கு இடது கையை முக்கால் அங்குலம் குறைத்து வெட்டுவாள். கை நீளாவிட்டாலும் வாய் நீண்டவன். யாரையும் ஒரு தடவை பார்த்தால் போதும், அப்படியே நடித்துக் காட்டிவிடுவான். டிப்போ மேனேஜர் கண்ணாடியைத் துடைப்பது, இரண்டாம் மாடி பெரியம்மா தண்ணீர்க் குழாயைத் திட்டுவது, கண்ணாடி டீச்சர் குடையை மறந்துவிட்டுத் திரும்பி வருவது, எல்லாம் அவன் கையில் இருந்தது. அவனைக் கட்டடத்தில் ‘நடிகர்’ என்றே கூப்பிட்டார்கள். ஊரையே நடித்தவன் தன் மனைவியை மட்டும் நடித்ததில்லை. மகள் சின்ன வயதில், “அப்பா, அம்மா மாதிரி பண்ணிக் காட்டுப்பா” என்று தொங்குவாள். “உங்கம்மாவை நடிக்க நமக்கு அனுபவம் பத்தாதும்மா” என்று சிரித்துத் தள்ளிவிடுவான். அந்த மகள் இப்போது வேறு ஊரில் வேலை பார்க்கிறாள். நடித்துக் காட்டும் அளவுக்குத் தன்னிடம் ஒன்றுமில்லை போலிருக்கிறது என்று தையலக்கா அன்றைக்கே முடிவு செய்துகொண்டாள்.

மூன்றாம் மாடிக்கு ஓவியர் குடிவந்து இரண்டு வருடம் ஆகிறது. ஐம்பது வயதிருக்கும், தனி ஆள், எப்போது பார்த்தாலும் ஒரே பேன்ட். கட்டடத்தில் மாடியம்மா என்றார்கள். அவர் மேல் யாருக்கும் நல்ல அபிப்பிராயம் இல்லை. காரணம், அவர் பார்க்கும் பார்வை. மளிகைக் கடையில் நின்றால் சாமானைப் பார்க்காமல், மூட்டை தூக்குகிறவரின் முழங்காலைப் பார்ப்பார். பெரியம்மா ஒரு தடவை தபால் கொடுக்கிற சாக்கில் மேலே போய்ப் பார்த்துவிட்டு வந்து, அங்கே இருக்கிற படமெல்லாம் தோலை உரித்துப்போட்ட மாதிரி இருக்கிறது, ஒன்றுக்காவது முகம் இல்லை, முதுகு பச்சை, முட்டி சிவப்பு, பெயின்டைக் கரண்டியால் அள்ளி அப்பியிருக்கிறாள் என்று கட்டடம் முழுக்கச் சொன்னார்.

அப்படிப்பட்டவருக்கும் தையலக்காவுக்கும் இருந்த ஒரே பழக்கம் வெட்டுத்துணி. பிரஷ் துடைக்கப் பருத்தித் துணி வேண்டும், நைலான் ஆகாது என்று கேட்டு வந்தார். வெட்டி மிஞ்சியதை வாரம் முழுக்க ஒரு பையில் சேர்த்து, புதன்கிழமை கணவன் கையில் கொடுத்து அனுப்புவாள். புதன்தான் அவனுக்கு டிப்போவில் விடுமுறை. ஆகவே அவனை மேலே அனுப்பியது வேறு யாருமில்லை, அவளேதான். இந்த நினைப்பு வந்தபோதெல்லாம் ஊசி விரலில் ஏறியது.

முதல் மாதம் ஐந்து நிமிடத்தில் வந்துவிடுவான். பிறகு கால் மணி. மழை தொடங்கியபோது ஒரு மணி நேரத்துக்கு வந்து நின்றது. டீ கொடுத்தார்கள் என்றான். இன்னொரு நாள் ஜன்னல் கொக்கி சரி செய்தேன் என்றான். கொக்கி சரி செய்கிறவன் பேன்ட்டின் பின்பக்கத்தில் கரிப்பொடி எப்படி ஒட்டும்? சட்டையின் வெளிப்பக்கம் சுத்தமாக இருக்க, உள்பக்கத் தோள்பட்டையில் சிவப்புப் பெயின்ட் எப்படி வரும்? சட்டைகளை அவள் உள்ளும் புறமும் திருப்பிப் பார்த்துதான் துவைப்பாள். இப்போது இரண்டு தடவை திருப்பினாள்.

பொத்தான் மாறிய வாரம், மாடியம்மாவே ஒரு திரைச்சீலை தைக்க வேண்டும், ஜன்னலை வந்து அளந்துகொள்ள முடியுமா என்று கேட்டார். மற்ற நாளாக இருந்தால் அளவைத் துண்டுச்சீட்டில் எழுதித் தரச் சொல்லியிருப்பாள். அன்றைக்கு டேப்பை எடுத்துக் கழுத்தில் போட்டுக்கொண்டு ஏறினாள்.

அறை முழுக்கப் பெயின்ட் கரைக்கிற டர்பன்டைன் வாசனை. தன் கணவனின் தலைமுடியில் புதன்தோறும் இருப்பது இதுதான் என்று வாசலிலேயே தெரிந்தது. தரையில் அவளுடைய வெட்டுத்துணிகள், எல்லா நிறமும் ஏறி, காயத்தில் கட்டிப் பிரித்ததுபோலக் கிடந்தன. மாடியம்மா அவளை உட்காரச் சொல்லிவிட்டு, கீழே தண்ணீர் கேன் வந்திருக்கிறது, எடுத்து வருகிறேன் என்று இறங்கிப் போனார்.

சுவரில் ஆளுயரத்துக்கு ஒரு படம் சாய்ந்திருந்தது. முதலில் அது படம் என்றே தோன்றவில்லை. யாரோ கோபத்தில் சுவரைச் சுரண்டியதுபோல இருந்தது. பிறகு ஒரு முதுகு தெரிந்தது. வளைந்து, எலும்பு புடைத்து, ஒரு பக்கம் காவி நிறம், ஒரு பக்கம் காயம் பழுத்த நீலம், தோளில் சிவப்பு. பெயின்டைக் கத்தியால் வழித்துவிட்டு, மறுபடி விரலாலேயே தடவியிருந்தார்கள். தலை முன்னே தொங்கி, முகம் மறைந்திருந்தது. கைகள் இரண்டும் தட்டுத் தட்டாகப் பெரிதாக இருந்தன.

அவளுக்குக் கோபம்தான் வந்தது. ஒரு மனுஷ உடம்பை இப்படியா? அளவு என்று ஒன்று வேண்டாமா? ஆனால் பார்க்கப் பார்க்க, மேலே அப்பியிருந்த பெயின்டுக்குள் எலும்பு பொய் சொல்லவில்லை என்பது அவள் கண்ணுக்குத் தெரிந்தது. இடது முழங்கை நீளாமல் நின்ற விதம் அவளுக்குத் தெரியும். அந்தக் கைக்கு அவள் எத்தனை சட்டை வெட்டியிருக்கிறாள்.

கை அவனுடையது. ஆனால் உடம்பு அவனுடையது இல்லை. அவன் மார்பை நிமிர்த்தி நடப்பவன். இது ஒரு பெண்ணின் உட்காரல். முழங்கால்களை ஒட்டிக்கொண்டு, கழுத்தை முன்னே நீட்டி, வலது தோளை இறக்கி, தன்னை யாரும் பார்த்துவிடக் கூடாது என்பதுபோல. அப்படியானால் இரண்டு பேரை ஒருவர்மேல் ஒருவராக வரைந்திருக்கிறார்கள். ஒருவரை ஒருவர் ஒட்டிக்கொண்டு இருந்தவர்களைத்தான் இப்படிப் பிரித்தறிய முடியாமல் வரைய முடியும்.

அதற்குப் பிறகு அவள் செய்ததை ஒரு தையல்காரிதான் செய்வாள். டேப்பை உருவி, படத்தை அளந்தாள். கழுத்தெலும்பிலிருந்து இடுப்பு, தோளிலிருந்து தோள். டேப்பை மட்டமாகப் பிடித்து, வலது தோள் எவ்வளவு இறங்கியிருக்கிறது என்று பார்த்தாள். முக்கால் அங்குலம். இன்னும் ஒரு தடவை அளந்தாள். முக்காலேதான். படிக்கட்டில் காலடி கேட்டதும் டேப்பைச் சுருட்டியபோது கையில் பிசுபிசுத்தது. பெயின்ட் காயவில்லை. டேப்பில் இருபத்திரண்டாம் அங்குலம் சிவந்திருந்தது.

“படத்தப் பார்த்தீங்களா?” என்று கேட்டார் மாடியம்மா, கேனை இறக்கி வைத்தபடி.

“ஜன்னல் அகலம் நாலடி ரெண்டு அங்குலம்” என்று சொல்லிவிட்டு அவள் இறங்கி வந்தாள். ஜன்னலை அவள் அளக்கவேயில்லை.

கடைக்கு வந்து அளவு நோட்டைப் பிரித்தாள். வலது தோள் இறக்கம் என்று எழுதியவை மூன்று பக்கம் இருந்தன. ஒருவர் பழைய தபால்காரர், பை தூக்கித் தூக்கி அப்படியானவர். இன்னொன்று கண்ணாடி டீச்சர். ஆனால் கால் அங்குலம்தான். மூன்றாவது பல் ஆஸ்பத்திரி. முக்கால்.

பல் ஆஸ்பத்திரிப் பெண் அடுத்த தெரு. டாக்டர் பக்கத்தில் நாளெல்லாம் சாய்ந்து நின்று கருவி எடுத்துக் கொடுப்பதில் தோள் இறங்கிவிட்டது என்று அவளே சொல்லியிருக்கிறாள். முப்பத்தைந்து வயதிருக்கும், சிரித்த முகம். போன மாதம்கூட அவன் டிப்போ மேனேஜரை நடித்துக் காட்டியபோது, வெட்டு மேசையைப் பிடித்துக்கொண்டு, “போதும் நடிகர் சார், எனக்கு வயிறு வலிக்குது” என்று சிரித்தாள். அன்றைக்கு அது சிரிப்பாகத்தான் இருந்தது. இப்போது நினைத்துப் பார்த்தால், ‘சார்’ என்பதில் கொஞ்சம் இழுப்பு அதிகம்.

அந்த வாரம் அவள் சரியாகச் சாப்பிடவில்லை. அவன் தட்டில் சோறு போட்டாள், சட்டையை இஸ்திரி போட்டாள், அவன் சொன்ன வேடிக்கைக்கு உம் கொட்டினாள். இருபத்திரண்டு வருடத்தை எந்தப் பக்கத்திலிருந்து பிரிக்கத் தொடங்குவது என்பதுதான் மனதில் ஓடியது. தப்பான தையலைக்கூட அவள் அவசரப்பட்டு இழுக்கமாட்டாள். இழுத்தால் துணி கிழியும். முதலில் எங்கே விட்டிருக்கிறது என்று பார்க்க வேண்டும். பல் ஆஸ்பத்திரிப் பெண்ணின் கோட் ஒன்று தைக்கக் கிடந்தது. புதன்கிழமை மூன்று மணிக்கு வந்து போட்டுப் பார்க்கும்படி அவளுக்குச் சொல்லி அனுப்பினாள். அந்த நேரத்துக்குத்தான் அவன் மேலே போவான். அந்தப் பெண் வரமாட்டாள், ஏதாவது சாக்குச் சொல்வாள் என்று எதிர்பார்த்தாள்.

புதன்கிழமை இரண்டேமுக்காலுக்கு அவன் பையை எடுத்துக்கொண்டு மாடி ஏறினான். மூன்று மணிக்கு பல் ஆஸ்பத்திரிப் பெண் கடை வாசலில் செருப்பைக் கழற்றினாள்.

தையலக்காவுக்கு ஒரு கணம் ஏமாற்றமாகவே இருந்தது. சந்தேகத்தைப் பாடுபட்டு வளர்த்துவிட்டால் அது பொய்யாவதுகூட நஷ்டம் மாதிரிதான் இருக்கிறது. கோட்டை மாட்டிவிட்டு, குண்டூசிகளை உதட்டில் கவ்விக்கொண்டு, தோள்பட்டையில் ஒவ்வொன்றாகக் குத்தினாள். இவள் இங்கே நிற்கிறாள். அவன் மேலே இருக்கிறான். அப்படியானால் மேலே அந்த முக்கால் அங்குலம் யார்?

பல் ஆஸ்பத்திரிப் பெண் கண்ணாடியைப் பார்த்துச் சிரித்தாள்.

“அக்கா, நம்ம ரெண்டு பேரும் அக்கா தங்கச்சி மாதிரியே இருக்கோம் பாருங்க. உங்களுக்கும் வலது தோள் இறங்கியிருக்கு. என் அளவேதான்.”

அவள் நிமிர்ந்தாள். பல வருடத்துக்குப் பிறகு அந்தக் கண்ணாடியில் தன்னைப் பார்த்தாள். கழுத்து முன்னே நீண்டு, முதுகு வளைந்து, வலது தோள் சரிந்து ஒருத்தி நின்றாள். அந்த ஒருத்தியின் அளவு மட்டும் நோட்டில் இல்லை. தனக்குத் தைக்கும்போது பழைய ரவிக்கையை மேலே வைத்து வெட்டிக்கொள்வதுதான் அவள் வழக்கம். தன் முதுகில் தானே டேப் பிடிக்க யாரால் முடியும்?

“கொஞ்சம் இரும்மா, வந்துடறேன்” என்று சொல்லி, அந்தப் பெண்ணைக் குண்டூசியோடு நிறுத்திவிட்டுப் படியேறினாள்.

மூன்றாம் மாடிக் கதவு ஒருக்களித்துத் திறந்திருந்தது. ஜன்னலில் அவள் தைத்த திரை நாலு அங்குலம் குறைந்து தொங்கியது. அவன் சட்டையில்லாமல் ஒரு முக்காலியில், வாசலுக்கு முதுகும் ஒரு பக்க முகமும் தெரிய உட்கார்ந்திருந்தான். எதிரே மெஷின் இல்லை, ஒன்றுமே இல்லை. ஆனால் கால் இரண்டும் மிதித்துக்கொண்டிருந்தன. கைகள், அங்கே இல்லாத துணியைத் தள்ளிவிட்டன. கழுத்து முன்னே போயிற்று, வலது தோள் இறங்கிற்று. நடுவில் ஒரு தடவை நிறுத்தி, யாரோ கடைக்குள் வந்ததுபோலத் தலையை நிமிர்த்தாமல் கண்ணை மட்டும் தோள் உயரத்துக்கு ஏற்றிப் பார்த்தான். பிறகு வெட்கப்பட்டு மறுபடி குனிந்துகொண்டான். வலது வாயோரத்தில், இல்லாத குண்டூசிகளைக் கவ்வியிருந்தான்.

மாடியம்மா பெயின்டை விரலில் எடுத்துப் படத்தில் இழுத்துக்கொண்டிருந்தார். அவன் நடிப்பதைத் தையலக்கா எத்தனையோ தடவை பார்த்தவள்தான். ஆனால் பார்த்தவர்கள் எல்லாம் சிரித்திருக்கிறார்கள். இந்த அறையில் யாரும் சிரிக்கவில்லை. எத்தனை வருடமாக, திரைக்குப் பின்னாலிருந்து, எந்தெந்த நேரத்தில் இவன் தன்னைப் பார்த்துக்கொண்டிருந்தான் என்று நினைத்தபோது அவளுக்கு உடம்பு கூசியது. கவனிப்பது தன் வேலை என்று இருந்துவிட்டாள். தன்னையும் ஒருவன் கவனித்திருக்கிறான்.

“குண்டூசிய வலது பக்கம் வைக்கமாட்டேன்” என்றாள். “இடது பக்கம்.”

அவன் திடுக்கிட்டுத் திரும்பினான். “அசையாதீங்க” என்றார் மாடியம்மா, திரும்பிப் பார்க்காமலே. பிறகு திரும்பிப் பார்த்தார்.

நடந்ததை அவன் சட்டையைக் கையில் வைத்துக்கொண்டு சொன்னான். மாடியம்மா முதலில் கேட்டது அவளைத்தான். அவள் மெஷினில் உட்காருவதைத் தெருவிலிருந்து பார்த்திருக்கிறார், வரைவதற்கு வந்து உட்காருவாளா என்று அவனிடம் கேட்டிருக்கிறார். போட்டோவுக்கே நிற்காதவள் இதற்கு வரவேமாட்டாள் என்று சொல்ல வந்தவன், நீங்கள் கேட்டால் எப்படிக் குனிந்துகொள்வாள் தெரியுமா என்று செய்து காட்டினான். அவர் டீ டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, அப்படியே இருங்கள் என்றார். முதுகெலும்பு தெரிய வேண்டும் என்பதால் சட்டையைக் கழற்றச் சொன்னார். ஒரு மணி நேரம் கையைத் தூக்கிவைத்ததில் விரல் மரத்துப்போன அன்றைக்குத்தான் பொத்தான் மாறியது.

“என்னைக் கேக்காம என்னைக் கொண்டுவந்து இங்க உக்கார வெச்சிருக்கீங்க” என்றாள்.

“கேட்டா நீ வேண்டாம்னுதானே சொல்லுவே.”

“அதனாலதான் கேக்கணும்.”

அவன் சட்டையை மாட்டினான். அடிப்பொத்தானில் தொடங்கினான்.

அவள் படத்தின் அருகே போனாள். அந்த முதுகின் குறுக்கே மெல்லிய கோடு ஒன்று, சின்னச் சின்ன எண்களோடு, எல்லாம் இடவலம் மாறிப் பதிந்திருந்தது. அவள் டேப் ஒட்டிய இடம். மற்ற இடமெல்லாம் நாலு தடவை வழித்து அப்பியிருக்க, அந்தக் கோட்டைச் சுற்றி மட்டும் பெயின்ட் விலகிப் போயிருந்தது.

“இந்தக் கட்டடத்துல டேப்போட மாடி ஏறுறவங்க வேற யாரு?” என்றார் மாடியம்மா. “அன்னிக்கே தெரியும். அழிக்க மனசு வரல. அளவு சரியா இருந்துதா?”

“தோள் சரி. கை ரெண்டும் அநியாயத்துக்குப் பெருசு.”

“அவரு செஞ்சு காட்டும்போது எனக்குக் கைதான் தெரியுது.”

அவள் தன் கைகளைப் பார்த்துவிட்டு, முந்தானையில் மறைத்துக்கொண்டாள். மாடியம்மாவை நம்புவதா என்று அவளுக்கு இன்னும் தெரியவில்லை. நன்றாகப் பேசுகிறவர்கள்மேல் அவளுக்கு எப்போதுமே ஒரு சந்தேகம் உண்டு. ஆனால் நீங்கள் சம்மதிக்காவிட்டால் இது இந்த அறையை விட்டு வெளியே போகாது என்று அவர் சொன்னதைக் கேட்டுக்கொண்டாள். யோசித்துச் சொல்கிறேன் என்றாள். திரையைக் கழற்றித் தரும்படி கேட்டு வாங்கிக்கொண்டு, ஜன்னலை இந்தத் தடவை உண்மையாகவே அளந்துகொண்டு இறங்கினாள். கீழே பல் ஆஸ்பத்திரிப் பெண் குண்டூசி குத்திய கோட்டோடு அசையாமல் நின்றுகொண்டிருந்தாள். அந்தக் கோட்டுக்கு அவள் கூலி வாங்கவில்லை. ஏன் என்று அந்தப் பெண் எத்தனை தடவை கேட்டும் சொல்லவும் இல்லை.

ஞாயிற்றுக்கிழமை போனில் மகளிடம் அவன் எல்லாவற்றையும் சொல்லிவிட்டான். மகள் விழுந்து விழுந்து சிரித்துவிட்டு, “அம்மா, அப்பாவச் சந்தேகப்பட்டு உன்னையே பிடிச்சிட்டியா?” என்றாள். அவள் போனைக் கணவனிடம் கொடுத்துவிட்டு மெஷினில் போய் உட்கார்ந்தாள். அவன் பார்க்கிறானா என்று பார்த்தாள். பார்த்துக்கொண்டிருந்தான்.

இது நடந்து எட்டு மாதம் ஆகிறது. அளவு நோட்டில் கடைசிப் பக்கத்தில் இப்போது அவள் அளவும் இருக்கிறது. அவன்தான் டேப் பிடித்தான், அவள் எழுதிக்கொண்டாள். வெட்டுத்துணிப் பையைப் புதன்கிழமை அவளே மேலே கொண்டுபோய்க் கொடுக்கிறாள். ஐந்து நிமிடம் நிற்கிறாள், உட்காருவதில்லை. படம் மூன்றாம் மாடியில் சுவரைப் பார்த்துத் திரும்பி நிற்கிறது. மாடியம்மா ஒவ்வொரு வாரமும் கேட்கிறார். அவள் இன்னும் சரி என்றும் சொல்லவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை. டேப்பில் இருபத்திரண்டாம் அங்குலத்துச் சிவப்பு போகவில்லை. அவன் டிப்போவிலிருந்து வந்து கடை வாசற்படி ஏறும்போது, அவள் இன்றும் முதலில் சட்டைப் பொத்தானைத்தான் பார்க்கிறாள்.